சிறுமியின் பெயரில் ஒரு மான்

மானின் தோள்பட்டைக்குள் கத்தி எதிலோ இடித்தது. எலும்பில் படுகிற சத்தம் வேறு, ஈயத்தில் படுகிற சத்தம் வேறு. வருடம் முழுக்கக் கறி வெட்டிப் பிழைக்கிறவளுக்கு அது தெரியாமல் போகாது. விரலை விட்டுக் குண்டை வெளியே எடுத்தேன். முன்பக்கம் நசுங்கி விரிந்திருந்தது, அடிப்பக்கம் மட்டும் அப்படியே இருந்தது. குழாயில் கழுவி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். அந்த மானுக்குள் இருக்கவே கூடாத குண்டு அது.

அந்த மான் பிரிட்டாவின் பெயரில் பதிவானது. பிரிட்டா என் பெரியப்பா டெல்மரின் பேத்தி, எனக்கு அண்ணன் மகள், வயது பத்து. அக்டோபரில் எங்கள் பக்கம் இரண்டு நாள் சிறுவர் வேட்டைக்கென்று விடுவார்கள். அந்த இரண்டு நாளும் பெரியவர்கள் மானைச் சுடக்கூடாது. பிள்ளைக்கு எட்டும் தூரத்தில், கை நீட்டினால் தொடுகிற தூரத்தில் நிற்க வேண்டும், அவ்வளவுதான் அவர்கள் வேலை. பிள்ளைதான் பார்க்க வேண்டும், பிள்ளைதான் சுட வேண்டும், மானும் பிள்ளைக்குத்தான். வடக்கு விஸ்கான்சினில் தாய்ப்பால் குடிக்கிற குழந்தைக்குக்கூட இது தெரியும்.

பிரிட்டாவின் துப்பாக்கி சின்னது. அவள் தோளுக்குப் பொருந்துகிற மாதிரி நானே தேடிப் பிடித்து வாங்கிக் கொடுத்தது. அதன் குண்டு பென்சில் பருமன்கூட இருக்காது. என் உள்ளங்கையில் கிடந்தது அதைவிடத் தடி. அன்றைக்கு அவளோடு காட்டுக்குள் போனது ஒரே ஒரு ஆள், அந்த ஆளிடம் இருப்பது ஒரே ஒரு துப்பாக்கி. அந்தத் துப்பாக்கியை எனக்கு நன்றாகத் தெரியும். எனக்குப் பன்னிரண்டு வயதாக இருந்தபோது அதை என் கையில் திணித்துத்தான் என் பிழைப்பில் மண்ணைப் போட்டார் பெரியப்பா.

அப்போது என் அப்பா உயிரோடு இல்லை. அம்மாவும் நானும் பெரியப்பா வீட்டின் பின்கட்டில் இருந்தோம். முதல் வேட்டைக்கு என்னை அவர்தான் அழைத்துப் போனார். பொழுது சாய்ந்து, சுடுவதற்குச் சட்டம் கொடுத்த நேரமும் முடிந்துவிட்டது. புதருக்குள் ஏதோ அசைந்தது. என்னவென்று பார்க்காமலே சுட்டார். அலறல் கேட்டது, மனிதக் குரல். பக்கத்துப் பண்ணைக்காரர் நெல்ஸ், முழங்கால் சிதறிக் கிடந்தார். மான் இல்லை, ஆள் என்று தெரிவதற்காக வேட்டைக்காரர்கள் போடுகிற ஆரஞ்சு மேலாடையெல்லாம் போட்டுக்கொண்டுதான் இருந்தார் பாவம்.

பெரியப்பா என் கையிலிருந்த துப்பாக்கியைப் பிடுங்கிக்கொண்டு தன்னுடையதை என்னிடம் கொடுத்தார். “நீ சின்னப் பொண்ணு. உன்னை என்ன பண்ணிடுவாங்க? என்னைன்னா உள்ள தூக்கிப் போட்டுடுவாங்க, அப்புறம் உனக்கும் உங்கம்மாவுக்கும் யாருடி சோறு போடுவா?” என்றார். ஆட்கள் ஓடி வந்தபோது அவரே கதையையும் சொன்னார். “ஷூ லேஸ் அவுந்துடுச்சு. கட்டலாம்னு துப்பாக்கிய இவகிட்ட கொடுத்துட்டுக் குனிஞ்சேன். பொண்ணு சுட்டுட்டா.”

பழி ஓரிடம் பாவம் ஓரிடம் என்பார்களே, அதை நான் பன்னிரண்டு வயதில் படித்தேன். சட்டம் என்னை ஒன்றும் செய்யவில்லை, அது உண்மை. பெரியப்பாவுக்குப் பிள்ளையைச் சரியாகக் கவனிக்கவில்லை என்று ஒரு சின்ன அபராதம். மிச்சத்தை ஊர் பார்த்துக்கொண்டது. பள்ளிக்கூடத்தில் நான் வகுப்புக்குள் நுழைந்தால் பையன்கள் இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு “சுட்டுடாத வாண்டா!” என்று என் பெயரைச் சொல்லிக் கத்துவார்கள். கடையில் என் அம்மாவுக்குச் சில்லறை கொடுக்கும்போது கையைத் தொடாமல் போடுவார்கள். சொந்தக் காலில் நின்றதும் உண்மையைச் சொன்னேன். ஒரு நாய்கூட நம்பவில்லை. “சோறு போட்ட மனுஷன் மேலயே பழி போடறியா?” என்றார்கள். அதற்கப்புறம் வாயை மூடினேன். மறந்துவிட்டேன் என்று மட்டும் யாரும் நினைக்க வேண்டாம்.

நான் வேட்டைப் பாதுகாப்பு வகுப்பு எடுக்க ஆரம்பித்ததே அந்தக் கோபத்தில்தான். ஆகஸ்ட் மாதம், ஊர் மன்றத்தில், சம்பளம் கிடையாது. துப்பாக்கி எதுவானாலும் தோட்டா இருக்கிறது என்றே நினை, வாயை மனிதன் பக்கம் திருப்பாதே, இலக்கையும் அதன் பின்னால் இருப்பதையும் பார், சுடுகிற வரை விசையில் விரலை வைக்காதே. பொடிசுகள் இதைப் பாட்டுப் பாடுகிற மாதிரி ஒப்பிக்கும். நான் கூடவே ஒன்று சேர்த்துக்கொள்வேன்: அடுத்தவர் துப்பாக்கியை, யார் கொடுத்தாலும், கையில் வாங்காதே. முதல் வருடம் ஊரில் சிரித்தார்கள், “ஆளைச் சுட்டவ பாடம் எடுக்கறா, நல்லா வெளங்கும்” என்று. இப்போது வேறு ஆசிரியர் கிடைக்கவில்லை, அதனால் சிரிப்பதில்லை.

குண்டைத் துடைத்து மேலாடைப் பைக்குள் போட்டேன். மறுநாளே பெரியப்பா மானின் கொம்பை வாங்க வந்தார், பிரிட்டாவையும் கூட்டிக்கொண்டு. பெரிய கொம்பு. அதைச் சுவரில் மாட்ட வேண்டுமென்று அவருக்கு வாயெல்லாம் பல்.

“பாத்தியாடி வாண்டா, எங்க வீட்டு வாரிசை? முதல் வேட்டையிலயே என்ன கொம்பு! நீயும்தான் போன, என்னத்தக் கொண்டாந்த?” என்று கேட்டுவிட்டு அவரே சிரித்தார்.

கொம்பை எடுத்துக்கொண்டு வண்டிக்குப் போனார். பிரிட்டா போகவில்லை. புகை போட்ட கறித்துண்டு ஒன்றை நான் நீட்டினேன். வாங்கினாள், தின்னவில்லை.

“அத்தை,” என்றாள் மெதுவாக. “ஒரு தடவ சொன்னத மாத்திச் சொன்னா ஜெயில்ல போடுவாங்களா?”

“யாரு சொன்னா அப்படி?”

“தாத்தா.”

நான் குனிந்து அவள் முகத்தைப் பார்த்தேன். எதையும் கேட்கவில்லை. கேட்டால் அவள் பொய் சொல்ல வேண்டி வரும், அந்த வேலையை அவளுக்கு நானும் கொடுக்க வேண்டுமா? “போட மாட்டாங்கடி கண்ணு. மாத்தாம இருக்கறதுதான் ஜெயிலு” என்று மட்டும் சொல்லிக் கறித்துண்டைக் காகிதத்தில் சுற்றி அவள் பையில் வைத்தேன்.

அவளை வண்டியில் ஏற்றிவிட்டுப் பெரியப்பாவை மட்டும் உள்ளே கூப்பிட்டேன். குண்டை எடுத்து மேசைமேல் வைத்தேன். அவர் அதைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், நான் ஊற்றி வைத்திருந்த காப்பியை ஒரு வாய் குடித்தார்.

“சரி, நான்தான் சுட்டேன். அதுக்கென்ன இப்போ? அது பாட்டுக்கு நடந்து வருது, இவ நடுங்கிட்டு நிக்கறா. அந்தக் கொம்பை விட்டுட முடியுமா? இந்த ஊர்ல எவன் செய்யல?”

“சனிக்கிழமை வேட்டைக் கிளப் விருந்துல இதையே சொல்லிடுங்க பெரியப்பா.”

“உனக்குப் பைத்தியமா? கிளப்புல எனக்குப் பட்டயம் கொடுக்கறாங்க, சிறந்த வழிகாட்டின்னு. லைசென்சு பொண்ணு பேர்ல இருக்கு. யாராவது கேட்டா பொண்ணு பதில் சொல்லிக்கும். சின்னப் பொண்ணுதானே, அவள என்ன பண்ணிடுவாங்க?”

அதே வாக்கியம். ‘உன்னை’ மட்டும் ‘அவள’ ஆகியிருந்தது. அவருக்கு அது நினைவேயில்லை என்பதுதான் என்னை அடித்துப் போட்டது. என் தலையில் சுமத்திய கல்லை எந்த இடத்திலிருந்து எடுத்தோம் என்பதையே மறந்துவிட்டு, அடுத்த கல்லை எடுக்கக் குனிகிற மனிதர். வனக் காவலருக்கு அப்போதே போன் போட்டிருக்கலாம். போட்டால் அவர் முதலில் விசாரிப்பது பிரிட்டாவை. சொல்லிக் கொடுத்தபடி நான்தான் சுட்டேன் என்பாள், அதிகாரியிடம் பொய் சொன்ன பழியும் அவளையே சேரும். எனக்கு அது வேண்டாம். எனக்கு வேண்டியது பெரியப்பாவின் வாய். ஊர் முன்னால், அந்த வாயே திறந்து சொல்ல வேண்டும். அதற்காக இருபது வருடத்துக்கு மேல் காத்திருந்தவள், சனிக்கிழமை வரை காத்திருக்க மாட்டேனா?

விருந்துக்குக் கூட்டமான கூட்டம். வறுத்த மீன், மான்கறிக் குழம்பு, பெரியவர்கள் கையில் பிராந்தி. நெல்ஸ் வழக்கம்போலக் கதவோரம் உட்கார்ந்திருந்தார், மடங்காத காலை நீட்டிக்கொள்ள அங்கேதான் இடம். என்னைப் பார்த்தால் தட்டைப் பார்ப்பார். அதுவும் வழக்கம்தான். மேடைப் பக்கம் வனக் காவலர் க்விஸ்ட், பிள்ளைகளுக்குக் குத்திவிட வேண்டிய சட்டை வில்லைகளைப் பெட்டியில் வைத்துக்கொண்டு.

எங்கள் கிளப்பில் ஒரு பழக்கம் உண்டு. முதல் மான் அடித்த பிள்ளை நாற்காலிமேல் ஏறி நின்று தன் வேட்டைக் கதையைச் சொல்ல வேண்டும். சொல்லி முடித்ததும் வகுப்பு எடுத்தவர் பாதுகாப்பைப் பற்றி ஒரே ஒரு கேள்வி கேட்பார். பதில் சரியென்றால் வில்லை. யாரும் இதுவரை தோற்றதில்லை, சும்மா ஒரு சடங்கு.

பிரிட்டாவை நாற்காலியில் ஏற்றிவிட்டார் பெரியப்பா. ஆரஞ்சுத் தொப்பி காதுவரை இறங்கியிருந்தது. “நான்... மான் வந்துச்சு...” என்றாள். அப்புறம் நின்றுவிட்டாள். கூட்டம் செல்லமாகச் சிரித்தது. “சொல்லும்மா, வெக்கப்படாத!” என்றார்கள்.

நான் எழுந்தேன். “அவ சொல்ல வேண்டாம். என் கேள்விய நான் இப்பவே கேட்டுடறேன். ஆனா அவகிட்ட இல்ல. பன்னெண்டு வயசுக்குக் கீழ இருக்கற பிள்ளை காட்டுல இருக்கற நேரம் பூரா பொறுப்பு கூட நிக்கற பெரியவருக்கு. சட்டம் அப்படித்தான். அதனால பதில் அவர்தான் சொல்லணும். பெரியப்பா, இந்த மானை எந்தத் துப்பாக்கியால சுட்டது?”

“இது என்னடி கேள்வி? அவ துப்பாக்கிதான். நீ வாங்கிக் கொடுத்தது.”

நான் நடந்துபோய்க் குண்டை க்விஸ்டின் கையில் வைத்தேன். “மானோட தோள்ல இருந்து எடுத்தேன். அடிப்பக்கம் நசுங்கல, அளந்து பாருங்க.” அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு குண்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். வேட்டைக்காரர்கள் நிறைந்த கூடம் அது. பக்கத்து மேசைக்காரர்கள் எட்டிப் பார்த்ததுமே ஒரு சலசலப்பு ஓடியது.

க்விஸ்ட் தலையை நிமிர்த்தினார். “டெல்மர், இது சின்னத் துப்பாக்கிக் குண்டு இல்லையே?”

பெரியப்பாவின் முகம் ஒரு நொடி வெளிறியது. ஒரே ஒரு நொடிதான். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்துப் பழகியவர் அல்லவா! சிரித்துக்கொண்டே பிரிட்டாவின் முதுகில் தட்டினார்.

“சரி, சரி, சொல்லிடறேன். பிள்ளைய மாட்டிவிட வேண்டாமேன்னு பாத்தேன். துணைக்கு இருக்கட்டும்னு என் துப்பாக்கியும் வெச்சிருந்தேன், அது என் தப்புதான். ஷூ லேஸ் அவுந்துடுச்சு. கட்டலாம்னு துப்பாக்கிய இவகிட்ட கொடுத்துட்டுக் குனிஞ்சேன். பொண்ணு சுட்டுட்டா.”

இளசுகளுக்கு விளங்கவில்லை. வயதானவர்களுக்கு விளங்கிவிட்டது. அந்தக் கதையை அவர்கள் இதே வாயிலிருந்து, இதே வார்த்தையில் முன்பே கேட்டவர்கள். அதை நம்பி ஒரு சிறுமியைக் கரித்துக் கொட்டியவர்கள்.

கதவோரத்திலிருந்து நெல்ஸின் குரல் வந்தது. “டேய் டெல்மர். இத்தனை வருஷமாச்சு, இன்னுமாடா உனக்கு அந்த லேசைக் கட்டத் தெரியல?”

யாரோ சிரிக்கப் போய்ப் பாதியில் நிறுத்திக்கொண்டார்கள். பெரியப்பா ஏதோ சொல்ல வாயெடுத்தார். அதற்குள் நாற்காலிமேல் நின்ற பிரிட்டா பேசினாள், யாரும் கேட்காமலே, என்னைப் பார்த்துக்கொண்டு.

“தாத்தா பூட்ஸ்ல லேஸே கிடையாது. ரப்பர் பூட்ஸ். இழுத்து மாட்டறது. நான் சுடல அத்தை. கையுறைகூடக் கழட்டல. தாத்தா சுட்டாரு, என் காதுக்குப் பக்கத்துல, எனக்கு ரெண்டு நாளு காது கேக்கல.”

போய் அவளை இடுப்பில் தூக்கி இறக்கினேன். பத்து வயதுப் பிள்ளை, கனம்தான். அவள் என் கழுத்தை விடவில்லை. அவளைப் பிடித்துக்கொண்டே பெரியப்பாவிடம் திரும்பினேன்.

“இப்பச் சொல்லுங்க. யாரு சுட்டா?”

அவர் சுற்றிலும் பார்த்தார். கூட்டத்தில் ஒருத்தராவது தனக்காகப் பேசுவாரா என்று பார்த்தார். எல்லாரும் தட்டைப் பார்த்தார்கள். நெல்ஸ் மட்டும் நேராகப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“நான்தான்,” என்றார்.

“எத?”

“மானை.”

“அப்புறம்?”

நெல்ஸ் தடியை ஊன்றி எழுந்தார். அவர் அந்தக் கூடத்தைக் கடந்து வர நேரமாயிற்று. யாரும் உதவப் போகவில்லை, போக விட்டிருக்கவும் மாட்டார். பெரியப்பாவுக்கு முன்னால் வந்து நின்று, காலால் அல்ல, தடியால் தரையில் ஒரு தட்டு தட்டினார்.

“பொண்ணு கேக்கறா. சொல்லு.”

“உன்னையும்,” என்றார் பெரியப்பா. குரல் அடிவயிற்றிலிருந்து வந்தது. “உன்னையும் நான்தான் சுட்டேன், நெல்ஸ்.”

எனக்குச் சந்தோஷமாக இருந்தது. நல்லவள் மாதிரி நடிக்க எனக்கு வராது. அவர் தோள் தொங்கிப் போனதைப் பார்க்க, நெஞ்சில் பால் வார்த்த மாதிரி இருந்தது. அந்தப் பட்டயம் பெட்டியிலேயே கிடந்தது. வெளியே வந்ததும் பிரிட்டாவின் அப்பா லானி அண்ணன், “வாண்டா, வயசான மனுஷனத் தனியாக் கூப்பிட்டுச் சொல்லியிருக்கலாம்” என்றான். “தனியாத்தான் சொன்னேன். பதிலுக்கு உன் பொண்ணைக் காட்டினார்” என்றேன். அவன் மகளின் காதைத் தொட்டுப் பார்த்தபடி நின்றான்.

நெல்ஸும் வந்தார். எதுவோ சொல்ல நினைத்தார். “என்னையும் ஏமாத்திட்டான்” என்று மட்டும் சொன்னார். எனக்கு அது போதவில்லை. குண்டு பட்டு அவருக்கு ஒரு கால் விளங்காமல் போயிற்று, சரி. நான் சொன்னபோது நம்பாததற்கு யாருக்கு என்ன போயிற்று? அதையும் அவரிடமே கேட்டேன். தலையைக் குனிந்துகொண்டு நின்றார். ஊரில் ஒவ்வொருவரும் அப்படிக் கொஞ்ச நேரம் நிற்க வேண்டியவர்கள்தான்.

வழக்கு மானுக்கு மட்டும்தான் நடந்தது. நெல்ஸ் விஷயத்துக்குச் சட்டத்தின் கெடு எப்போதோ முடிந்துவிட்டதாம். கொம்பைப் பறிமுதல் செய்தார்கள். பெரியப்பாவின் வேட்டை லைசென்சை மூன்று வருடத்துக்கு ரத்து செய்தார்கள். நீதிபதி கூடவே இன்னொன்றும் சொன்னார்: திரும்ப லைசென்சு வேண்டுமானால் பாதுகாப்பு வகுப்பில் உட்கார்ந்து தேற வேண்டும். பழைய காலத்தில் பிறந்தவர்களுக்கு எங்கள் மாநிலத்தில் அந்த வகுப்பு தேவையில்லை, அதனால் பெரியப்பா வாழ்நாளில் அந்தப் பக்கம் தலைவைத்துப் படுத்ததில்லை. எங்கள் ஊரில் அந்த வகுப்பை நடத்துவது யார் என்று நீதிபதிக்குத் தெரியுமா, தெரியாதா என்பது எனக்குத் தெரியாது.

மூன்று வருடம் கழித்து, ஆகஸ்டில், வந்தார். வேறு ஊருக்குப் போயிருக்கலாம், ஆனால் பார்வை மங்கி வண்டி ஓட்டுவதை நிறுத்தியிருந்தார். சின்ன நாற்காலியில் முழங்கால் மார்பில் இடிக்க உட்கார்ந்தார், ஒரு பக்கம் மூக்கொழுகும் பையன், இன்னொரு பக்கம் முன்பல் விழுந்த ஒரு சிறுமி. எல்லாரையும் போலக் கை தூக்கச் சொன்னேன், தூக்கினார். எல்லாரையும் போல ஒப்பிக்கச் சொன்னேன், ஒப்பித்தார். எழுத்துத் தேர்வில் பாஸ். நான் ஒரு மதிப்பெண்கூடக் குறைக்கவில்லை, குறைக்க ஆசையிருந்தும்.

கடைசியில் மைதானத்தில் நடைத் தேர்வு. தோட்டா இல்லாத துப்பாக்கியோடு, பக்கத்தில் ஒரு துணையோடு, வேலியைத் தாண்டிக் காட்ட வேண்டும். அவருக்கு அந்த முன்பல் விழுந்த சிறுமி துணை. வேலிவரை ஒழுங்காக நடந்தார். துப்பாக்கியைக் கீழே வைத்துவிட்டுத் தாண்ட வேண்டும், பாதிப்பேருக்கு அங்கேதான் தவறும். அவர் சரியாகத் தாண்டினார். திரும்பக் கையில் எடுத்தபோது, பழக்க தோஷம், துப்பாக்கியின் வாய் சிறுமியின் வயிற்றுப் பக்கம் திரும்பியது.

“தாத்தா! என்மேல காட்டறீங்க!” என்று கத்தினாள். “விசைல வேற விரல வெச்சிருக்கீங்க!”

அவர் விரலை வெடுக்கென்று எடுத்தார். எல்லாப் பிள்ளைகளும் என்னைப் பார்த்தன. நான் தாளில் எழுத ஆரம்பித்தேன். அவர் வேலியைப் பிடித்துக்கொண்டு கிட்டத்தில் வந்து, மற்றவர்களுக்குக் கேட்காதபடி பேசினார்.

“வாண்டா, எனக்கு வயசாச்சும்மா. அடுத்த வருஷம் இருப்பேனோ என்னவோ. இந்த ஒரு தடவ விட்டுடு.”

“ஒரு தடவ விட்டாச்சு பெரியப்பா,” என்றேன்.

‘தேறவில்லை’ என்று எழுதி அவர் கையில் கொடுத்துவிட்டு, அடுத்த பிள்ளையைக் கூப்பிட்டேன்.